'நம்மிடம் ஒன்றுமில்லை என்று சொல்லாதீர்கள்': மேடலின் தியனின் நாவலைப் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

சீன இசைக்கலைஞர்களின் மூன்று தலைமுறையைச் சொல்லும் இந்த ஆங்கில நாவல் 2016-இல் வெளியானது. அதைப் படித்தவர்களும் படிக்கலாமா என்று யோசிப்பவர்களும் பெரும்பாலும் ஒரே மாதிரியான கேள்விகளையே கேட்கிறார்கள். பதில்களில் கதையின் முக்கியத் திருப்பங்கள் வெளிப்பட்டுவிடும். அது பிடிக்காதவர்கள் முதல் மூன்று பதில்களோடு நிறுத்திக்கொள்ளலாம்.

கதை எதைப் பற்றியது?

கனடாவின் வான்கூவர் நகரில் வளரும் மரீ என்ற சிறுமிக்குப் பத்து வயது. 1989-இல் அவளுடைய அப்பா ஜியாங் கய் வீட்டை விட்டுப் போகிறான். அதே ஆண்டு ஹாங்காங்கில் தற்கொலை செய்துகொள்கிறான். ஏன் என்று யாருக்கும் தெரியாது. ஒரு காலத்தில் அவன் சீனாவில் பெயர்பெற்ற பியானோ கலைஞன் என்பதுகூட மகளுக்குச் சரியாகத் தெரியாது. அடுத்த ஆண்டு, பெய்ஜிங்கின் தியானன்மென் சதுக்கத்தில் போராடிய மாணவர்கள் மீதான ராணுவ ஒடுக்குமுறைக்குத் தப்பி ஐமிங் என்ற இளம்பெண் அவர்கள் வீட்டில் வந்து தங்குகிறாள். அவளுடைய அப்பா ஸ்பாரோ ஷாங்காய் இசைக்கல்லூரியில் கய்யின் ஆசிரியர். இறந்துபோன இரண்டு தந்தைகளின் கதையை இரண்டு மகள்கள் ஒரு சமையலறை மேசையில் உட்கார்ந்து மெல்ல மெல்லத் தொகுக்கிறார்கள்.

அங்கிருந்து நாவல் 1940-களின் தேநீர் விடுதிகளுக்குப் போகிறது. பிறகு நிலச்சீர்திருத்தம், பெரும் பஞ்சம், 1966 முதல் பத்தாண்டு மாவோ நடத்திய கலாச்சாரப் புரட்சி என்று கடந்து 1989 ஜூன் மாதத்துப் பெய்ஜிங் தெருக்களுக்கு வருகிறது.

ஆசிரியர் யார்? என்ன விருதுகள் கிடைத்தன?

மேடலின் தியன் 1974-இல் வான்கூவரில் பிறந்தவர். அப்பா மலேசியச் சீனர், அம்மா ஹாங்காங்கைச் சேர்ந்தவர். இதற்கு முந்தைய நாவலில் கம்போடியாவில் கெமர் ரூஜ் என்ற கம்யூனிஸ்ட் இயக்கம் ஆண்ட கொடுங்காலத்தை எழுதியிருந்தார். அரசு ஒரு குடும்பத்தைச் சிதைத்த பிறகு எஞ்சியவர்கள் எதை நினைவில் வைத்துக்கொள்வது என்ற கேள்வி அவரை நீண்ட காலமாகவே விடவில்லை.

கனடாவின் இரண்டு பெரிய இலக்கிய விருதுகளான கில்லர் பரிசும் கவர்னர் ஜெனரல் விருதும் 2016-இல் இந்த நாவலுக்கே கிடைத்தன. அதே ஆண்டு மேன் புக்கர் பரிசின் இறுதிப் பட்டியலிலும் இருந்தது. அந்தப் பரிசு அமெரிக்கரான பால் பீட்டிக்குப் போனது.

தலைப்பு ஏன் இவ்வளவு நீளம்?

உலகத் தொழிலாளர்களின் கீதமான 'இன்டர்நேஷனல்' பாடலின் சீன வடிவத்தில் வரும் வரி அது. ஒன்றுமில்லாதவர்கள் உலகுக்கே உரிமையாளர்கள் ஆவார்கள் என்று பாடல் தொடரும். புரட்சியைக் கொண்டுவந்தவர்கள் அதைப் பாடினார்கள். 1989-இல் அந்த அரசையே எதிர்த்துத் தியானன்மென் சதுக்கத்தில் நின்ற மாணவர்களும் அதையே பாடினார்கள். இரண்டு தரப்பும் ஒரே பாடலைப் பாடிய வரலாறு தலைப்பிலேயே அடங்கிவிடுகிறது.

பெயர்கள் குழப்புகின்றன. யார் யாருக்கு என்ன உறவு?

இந்தக் குழப்பம் எல்லோருக்கும் வரும். முதல் நூறு பக்கங்களுக்கு ஒரு தாளில் குடும்ப மரம் போட்டு வைத்துக்கொள்வது நல்லது.

அக்கா, தங்கை இருவரிடமிருந்து ஆரம்பியுங்கள். அக்காவின் பெயர் பிக் மதர் நைஃப். வாய் கூர்மையானவள், நாவலில் சிரிக்க வைக்கும் இடங்கள் பெரும்பாலும் இவளுடையவை. தங்கை ஸ்வர்ல். போர்க்காலத்தில் இருவரும் தேநீர் விடுதிகளில் பாடிப் பிழைத்தவர்கள். அக்காவின் மகன்தான் ஸ்பாரோ, இசையமைப்பாளன். தங்கை கனவுக்கார வென்னை மணக்கிறாள். அவர்களுடைய மகள் ஜூலி வயலின் கலைஞி. ஆக, ஸ்பாரோவும் ஜூலியும் அக்கா தங்கை பிள்ளைகள். ஜூலியின் பெற்றோர் தொழிலாளர் முகாம்களுக்கு அனுப்பப்பட்டபின் அவள் ஷாங்காயில் பெரியம்மா வீட்டில்தான் வளர்கிறாள். கய் பஞ்சத்தில் குடும்பத்தையே இழந்து கிராமத்திலிருந்து வந்த மாணவன். ஸ்பாரோ, ஜூலி, கய் ஆகிய மூவரையும் பிடித்துக்கொண்டால் மற்றவர்கள் தாமாகவே இடத்தில் வந்து அமர்வார்கள்.

'பதிவுகளின் புத்தகம்' என்று அடிக்கடி வருகிறதே, அப்படி ஒரு நூல் உண்மையில் இருக்கிறதா?

இல்லை. அது நாவலுக்குள் இருக்கும் கற்பனை நாவல். தா-வெய் என்ற இளைஞனும் 'மே நான்கு' என்ற பெயருடைய பெண்ணும் பயணங்களிலும் பிரிவுகளிலும் அலைக்கழியும் சாகசக் கதை. எழுதியவர் யார் என்று தெரியாது. முடிவும் கிடையாது, ஓர் இடத்தில் பாதியில் நின்றுவிடுகிறது. நோட்டுப் புத்தகங்களில் கையால் படியெடுக்கப்பட்டு ஒருவர் கையிலிருந்து இன்னொருவர் கைக்குப் போகிறது.

வென் அதை அத்தியாயம் அத்தியாயமாகப் படியெடுத்து ஸ்வர்லுக்கு அனுப்பித்தான் அவள் மனத்தைக் கவர்கிறான். அடுத்த அத்தியாயம் எப்போது வரும் என்ற தவிப்பு, அனுப்புகிறவன் மீதான தவிப்பாக மாறுகிறது. நான் படித்த காதல் தொடக்கங்களில் இதைவிட இனிமையானது அதிகமில்லை. தொடர்கதைக்காக வாரப் பத்திரிகையை எதிர்பார்த்து வாசலில் நின்ற தலைமுறைக்கு இதை விளக்க வேண்டியதே இல்லை.

பின்னால் அதே புத்தகம் வேறு வேலையைச் செய்கிறது. முகாமிலிருந்து தப்பித் தலைமறைவாகத் திரியும் வென் புதிய படிகளை எழுதுகிறான். பாத்திரங்களின் பெயர்களையும் இடங்களையும் சிறிது மாற்றி, தான் எங்கே இருக்கிறான் என்ற செய்தியை அதற்குள் புதைக்கிறான். காவலர் கையில் கிடைத்தால் அது பழைய காலத்துக் கதை. மனைவி கையில் கிடைத்தால் முகவரி.

புத்தகம் கற்பனையானாலும் வழக்கம் கற்பனையல்ல. கலாச்சாரப் புரட்சிக் காலத்தில் நூலகங்கள் பூட்டப்பட்டபோது சீன இளைஞர்கள் நாவல்களைக் கையால் படியெடுத்து ரகசியமாகச் சுற்றுக்கு விட்டார்கள். ஜாங் யாங் எழுதிய 'இரண்டாவது கைகுலுக்கல்' அப்படிப் பரவியதுதான். அதற்காகவே அவர் 1975-இல் கைதானார். விடுதலையான 1979-இலேயே நாவல் அச்சாகி லட்சக்கணக்கில் விற்றது. கையெழுத்துப் படிகளில் ஆளுக்கு ஆள் வார்த்தை மாறும். சிலர் அத்தியாயத்தையே மாற்றினார்கள். தியன் இந்த வழக்கத்தை எடுத்துக் கதையின் முதுகெலும்பாக்கியிருக்கிறார்.

பெயரில் இன்னொரு நிழலும் உண்டு. கி.மு. முதல் நூற்றாண்டில் சிமா சியன் எழுதிய 'வரலாற்றாசிரியரின் பதிவுகள்' சீன வரலாற்று எழுத்தின் மூல நூல். பேரரசரின் கோபத்துக்கு ஆளாகி ஆண்மை நீக்கத் தண்டனை பெற்ற பிறகும் அவர் அதை எழுதி முடித்தார். இந்தப் பெயரைக் கேட்டதும் சீன வாசகருக்கு அதுதான் முதலில் நினைவுக்கு வரும்.

அப்படியானால் இது கற்பனைக்குள் தப்பி ஓடுபவர்களின் கதையா?

பல மதிப்புரைகள் அப்படித்தான் படித்தன: வெளியே கொடுமை, உள்ளே கலை, கலைஞர்கள் கலைக்குள் ஒளிகிறார்கள். என் வாசிப்பு வேறு. இந்த நாவலில் ஒன்றோடொன்று மோதுவது இரண்டு கற்பனைகள்.

ஒன்று பதிவுகளின் புத்தகம். அதற்கு ஆசிரியர் இல்லை, முடிவு இல்லை. படிக்கிற ஒவ்வொருவரும் அதில் கை வைக்கலாம், ஒரு பெயரை மாற்றலாம், விட்ட இடத்திலிருந்து எழுதலாம். மற்றது புரட்சி தன்னைப் பற்றிச் சொல்லிக்கொள்ளும் கதை. அதற்கு ஒரே ஆசிரியர். முடிவு முன்கூட்டியே எழுதப்பட்டுவிட்டது. அதில் ஒரு சொல்லை மாற்றினால் உயிர் போகும். 1966-இல் ஷாங்காயின் தெருக்களில் கொடி பிடித்து ஓடிய பதினாறு வயதுப் பிள்ளைகளை விடக் கற்பனையில் மூழ்கியவர்கள் யார்? எதிரிகள் எங்கும் ஒளிந்திருக்கிறார்கள், ஒரு வயலினை உடைத்தால் உலகம் தூய்மையாகிவிடும் என்று அவர்கள் உண்மையாகவே நம்பினார்கள். அவர்களையும் தியன் பொம்மைகளாக வரையவில்லை. அந்த மயக்கத்தின் இனிமையை உள்ளிருந்து காட்டுகிறார். கய் வழியாகத்தான் அது நமக்கு வருகிறது. பசியில் குடும்பத்தைப் புதைத்த பையனுக்குப் புதிய உலகம் ஒன்று வாக்களிக்கப்படுகிறது. அவன் நம்பாமல் எப்படி இருப்பான்? கொஞ்சம் நம்பி, கொஞ்சம் நடித்து, எது எது என்று தனக்கே தெரியாத இடத்துக்குப் போய்விடுகிறான். பியானோவும் உயிரும் அவனுக்கு மிஞ்சுகின்றன. அந்தக் கணக்கை அவன் இருபது ஆண்டு கழித்துத் தீர்க்கிறான்.

கலையின் கற்பனையையும் நாவல் குறையற்றதாகக் காட்டுவதில்லை. ஜூலி நாள் முழுவதும் பயிற்சி அறையில் வாசிக்கிறாள். கதவுக்கு வெளியே சுவரொட்டிகளில் அவளுடைய குடும்பத்தின் பெயர் ஏறிக்கொண்டிருக்கிறது. பிரெஞ்சு இசையமைப்பாளர் ராவெலின் ஓர் இசைத்தொடரைச் சரியாகப் பிடித்துவிட்டால் போதும், மற்றதெல்லாம் தானே விலகிவிடும் என்பதுபோல அவள் நடந்துகொள்கிறாள். இசை அவளுக்கு ஒரு வீடு. அந்த வீட்டில் பூட்டு இல்லை என்பது தெரிய வரும்போது காலம் கடந்துவிடுகிறது. மாவோவின் இளைஞர் படையான செங்காவலர்களின் அடிக்கும் அவமானத்துக்கும் பிறகு அவள் உயிரை மாய்த்துக்கொள்கிறாள். அந்தப் பக்கங்களில் தியன் ஒரு வார்த்தைகூட உரக்கப் பேசுவதில்லை.

இசைக்கல்லூரியில் நடப்பதாக வருபவை உண்மையா?

பாத்திரங்கள் கற்பனை, சூழல் உண்மை. சில இடங்களில் உண்மை மனிதர்களே தங்கள் பெயரோடு வருகிறார்கள்.

ஷாங்காய் இசைக்கல்லூரி 1927-இல் தொடங்கப்பட்டது. அதன் தலைவராக இருந்த இசையமைப்பாளர் ஹே லூடிங் நாவலிலும் வருகிறார். 1963-இல் யாவ் வென்யுவான் பிரெஞ்சு இசையமைப்பாளர் டெபுசியைத் தாக்கிக் கட்டுரை எழுதினார். இவர்தான் பின்னாளில், கலாச்சாரப் புரட்சியை முன்னின்று நடத்திய 'நால்வர் கும்பலில்' ஒருவரானவர். ஹே லூடிங் அதற்குப் பதில் எழுதினார். அந்தப் பதிலே பிறகு அவர் மீதான குற்றச்சாட்டானது. 1968-இல் அவரை மேடையேற்றி அவமானப்படுத்தியதைத் தொலைக்காட்சியில் நேரடியாக ஒளிபரப்பினார்கள். அவர் பணியவில்லை. குற்றச்சாட்டுகள் பொய் என்று ஒலிவாங்கியிலேயே சொன்னார். பொய் சொல்வதற்கு வெட்கமில்லையா என்று கேட்டார். ஒளிபரப்பு நிறுத்தப்பட்டது. நாவலில் இந்தக் காட்சி வரும்போது ஆசிரியர் மிகைப்படுத்துகிறார் என்று நினைத்துவிடாதீர்கள். அவர் 1999 வரை வாழ்ந்தார்.

எல்லோருக்கும் அப்படி வாய்க்கவில்லை. 1958-இல் ஜெனிவா போட்டியில் பரிசு பெற்ற பியானோ கலைஞி கூ ஷெங்யிங் 1967-இல் தாயோடும் தம்பியோடும் சேர்ந்து உயிரை விட்டார். அதே 1958-இல் மாஸ்கோவின் சாய்கோவ்ஸ்கி போட்டியில் இரண்டாம் பரிசு பெற்ற லியூ ஷிகுன் சிறையில் ஆண்டுக்கணக்கில் கிடந்தார்; அவருடைய கையை உடைத்தார்கள். 1955-இல் வார்சாவின் ஷோப்பான் போட்டியில் மூன்றாம் இடம் பிடித்த ஃபூ சோங் 1958-இல் லண்டனுக்குத் தப்பிவிட்டார். ஷாங்காயில் இருந்த அவருடைய பெற்றோர் 1966 செப்டம்பரில் ஒன்றாக உயிர்துறந்தார்கள். தந்தை ஃபூ லெய் புகழ்பெற்ற மொழிபெயர்ப்பாளர். அவர் சீனத்துக்குக் கொண்டுவந்த பெரிய நூல், ரோமன் ரோலாந்து ஓர் இசைக்கலைஞனின் வாழ்க்கையை வைத்து எழுதிய 'ஜான் கிறிஸ்தோஃப்'. ஒரு நாவலாசிரியர் இதைக் கற்பனையாக எழுதியிருந்தால் செயற்கை என்று நாமே சொல்லியிருப்போம்.

கலாச்சாரப் புரட்சியின் பத்தாண்டில் மேற்கத்திய இசை முழுவதும் நின்றுவிடவில்லை என்பதும் கவனிக்க வேண்டியது. மாவோவின் மனைவி ஜியாங் சிங் அனுமதித்த 'மாதிரிப் படைப்புகள்', அதாவது மேற்கத்திய வாத்தியங்களும் சேர்ந்த புரட்சி இசை நாடகங்கள், வாசிக்கப்பட்டன. அவற்றை வாசிக்க ஆட்கள் தேவைப்பட்டார்கள். கய் போன்ற திறமைசாலிகள் பிழைத்தது அந்த இடுக்கில்தான். 1973-இல் யூஜின் ஓர்மண்டி தலைமையில் அமெரிக்காவின் பிலடெல்பியா இசைக்குழு சீனா வந்தபோது, பீத்தோவனின் ஐந்தாவது சிம்பொனி வேண்டாம், ஆறாவதுதான் வேண்டும் என்று ஜியாங் சிங் பிடிவாதம் பிடித்தார். நாட்டில் மற்றவர்களுக்குத் தடைசெய்யப்பட்ட பீத்தோவனில் அவருக்கு மட்டும் சொந்த ரசனை இருந்தது! அதிகாரத்தின் நகைச்சுவைகளில் இதுவும் ஒன்று.

மேற்கத்திய செவ்வியல் இசை தெரியாமல் இதைப் படிக்க முடியுமா?

முடியும். ஒரே ஒரு படைப்பை மட்டும் கேட்டுவிட்டு ஆரம்பித்தால் சுகமாக இருக்கும்: 1741-இல் அச்சான, ஜெர்மன் இசையமைப்பாளர் பாக்கின் 'கோல்ட்பெர்க் வேரியேஷன்ஸ்'. தொடக்கத்தில் ஒரு சிறிய பாடல். பிறகு முப்பது மாறுபாடுகள். கடைசியில் அதே பாடல் மீண்டும். மாறுபாடுகளில் மேலே ஓடும் மெட்டு அடையாளமே தெரியாமல் மாறிவிடும். அடியில் ஓடும் ஆதார ஓட்டம் மாறாது. கர்நாடக இசை கேட்டுப் பழகியவர்களுக்கு நிரவல் நினைவுக்கு வரலாம். சாகித்திய வரி அப்படியே நிற்க, பாடகர் அதைச் சுற்றிப் புதிது புதிதாகக் கட்டிக்கொண்டே போவார் அல்லவா, ஏறத்தாழ அந்த இன்பம்தான்.

நாவலின் கட்டமைப்பும் இதுவே. படியெடுப்பது, கொஞ்சம் மாற்றுவது, மீண்டும் படியெடுப்பது. தாத்தா காலத்தில் நடந்த ஒரு பிரிவு வேறு உடையில் பேத்தி காலத்திலும் நடக்கிறது.

கனடாவின் பியானோ கலைஞர் கிளென் கூல்ட் இதை இரண்டு முறை பதிவுசெய்தார்: 1955-இல், பிறகு 1981-இல். முதல் பதிவு சுமார் 38 நிமிடம். இரண்டாவது 51 நிமிடம். கொஞ்சம் பொறுமை இருந்தால் இரண்டின் தொடக்கப் பாடலையும் அடுத்தடுத்துக் கேட்டுப் பாருங்கள். ஒரே மனிதர், ஒரே பியானோப் பக்கம், இடையில் ஒரு வாழ்நாள். இசையமைக்கவே அனுமதியில்லாமல் போன ஸ்பாரோவுக்கு இந்த இடைவெளி என்னவாக இருந்திருக்கும் என்பது கேட்டால் புரிந்துவிடும். நான் எழுதிப் புரியவைக்க முடியாது.

ஷோஸ்டகோவிச், புரோகோஃபியேவ் பெயர்களும் வரும். அவர்கள் ஸ்டாலின் காலத்து ரஷ்யாவில் இசையமைத்தவர்கள், அரசின் கோபத்துக்கு ஆளானவர்கள் என்பது தெரிந்தால் போதும்.

இரண்டாம் பகுதிக்கு ஏன் 'பூஜ்யம்' என்று பெயர்?

முதல் பகுதியில் ஏறுமுகமாகப் போன அத்தியாய எண்கள் பூஜ்யம் பகுதியில் இறங்குமுகமாக வருகின்றன. மேல்மட்டத்தில் இது 1989 ஜூனை நோக்கிய கவுண்ட்டவுன். மரீ வளர்ந்து கணிதப் பேராசிரியர் ஆகிறாள் என்பதால் எண்கள் மீதான மோகம் அவளுடையது என்றும் கொள்ளலாம்.

எனக்குப் பிடித்த விளக்கம் இசையிலிருந்து வருகிறது. சீனாவில் பரவலாகப் புழங்கும் இசைக்குறிப்பு முறையில் சுரங்களை ஒன்று முதல் ஏழு வரையான எண்களால் எழுதுவார்கள். அந்த முறையில் பூஜ்யம் என்றால் சுரமில்லாத இடம், அதாவது மௌனம். மௌனத்துக்கும் கால அளவு உண்டு. அதையும் எண்ணித்தான் தீர வேண்டும். ஸ்பாரோ இசையெழுதாமல் இருந்த ஆண்டுகளை இதற்கு மேல் பொருத்தமாக எப்படிக் குறிப்பது?

ஸ்பாரோவுக்கும் கய்க்கும் இடையே இருப்பது காதலா?

ஆம். யாரும் வாய்விட்டுச் சொல்வதில்லை. ஆசிரியரும் சொல்வதில்லை. கவனக்குறைவாகப் படித்தால் நட்பு என்று கடந்துபோய்விடலாம். அப்படிப் போனால் கய்யின் ஹாங்காங் மரணத்தின் காரணம் பிடிபடாது.

ஸ்பாரோ ஏன் எதிர்த்துப் போராடவில்லை? கோழையா?

இந்தக் கேள்வி எப்போதும் கொஞ்சம் எரிச்சலோடுதான் வருகிறது. ஜூலியின் மரணத்துக்குப் பிறகு அவன் எழுதிக்கொண்டிருந்த சிம்பொனி போய்விடுகிறது, கல்லூரி போய்விடுகிறது. ஏறத்தாழ இருபது ஆண்டு தொழிற்சாலைகளில் வேலை செய்கிறான், கடைசியில் பெய்ஜிங்கில் ரேடியோ தயாரிக்கும் ஆலையில். காது நிறைய இசையுள்ளவன் நாள் முழுவதும் ரேடியோப் பெட்டிகளைப் பூட்டிக்கொண்டிருக்கிறான்.

கோழைத்தனம் என்ற சொல்லைச் சொல்ல நமக்குத் தகுதி இருக்கிறதா என்பது ஒரு புறம் இருக்கட்டும். ஸ்பாரோவின் மௌனத்துக்கு ஒரு காரணத்தை நாவல் தருகிறது: அவன் எழுதியிருந்தால் அவர்கள் கேட்ட இசையைத்தான் எழுதியிருக்க வேண்டும். கய் அதைச் செய்தான். ஸ்பாரோ ஒன்றுமே செய்யாமல் இருப்பதைத் தேர்ந்தெடுத்தான். அந்தத் தேர்வுக்கும் விலை உண்டு. பிள்ளை ஐமிங் அப்பாவை மந்தமான, வாய்பேசாத ஆலைத் தொழிலாளியாகவே பார்த்து வளர்கிறாள். நடுவயது தாண்டியபின் அவன் மீண்டும் காகிதத்தை எடுத்துப் பியானோவுக்கும் வயலினுக்குமாக ஒரு படைப்பை எழுதத் தொடங்குகிறான். வயலின் யாருக்கு என்பதைச் சொல்லத் தேவையில்லை.

1989 பகுதி எவ்வளவு நம்பகமானது?

மிகவும். அந்த நிகழ்வைச் சதுக்கத்தில் நின்ற மாணவர்களின் கதையாக மட்டும் பார்ப்பது உலக வழக்கம். தியன் பார்வையைத் தெருக்களுக்குத் திருப்புகிறார். மே 13 அன்று உண்ணாவிரதம் தொடங்கியது. மே 20 அன்று ராணுவச் சட்டம் வந்தது. அதன்பின் ராணுவ லாரிகளைத் தெருவில் மறித்து நின்றவர்கள் ஆலைத் தொழிலாளர்களும் அக்கம்பக்கத்துக் குடும்பத்தினரும்தான். ஜூன் 3 இரவிலும் 4 விடியலிலும் பலர் சுடப்பட்டது சதுக்கத்துக்கு மேற்கே உள்ள சாங்கான் பெருவழியில். அன்றிரவு வெளியே போகும் ஸ்பாரோ திரும்பி வருவதில்லை. நாற்பது தாண்டிய அமைதியான மனிதன் ஒரு கூட்டத்தோடு சேர்ந்து நடந்த இரவு அது.

இந்த நாவலில் குறைகளே இல்லையா?

உண்டு. வான்கூவர் பகுதிகள் மெலிந்தவை. மரீயின் இன்றைய வாழ்க்கை, அவளுடைய கணிதம், தனிமை எல்லாம் கோட்டோவியமாகவே நிற்கின்றன. ஷாங்காய் பக்கங்களின் சதையும் ரத்தமும் அங்கே இல்லை. ஐமிங் போன பிறகு மரீ அவளைத் தேடுகிறாள் என்பது நமக்குத் தெரிகிறது. ஆனால் அந்தத் தேடலின் வலி நம்மைத் தொடுவதில்லை. இசையை வர்ணிக்கும்போது ஆசிரியர் சில நேரம் கவித்துவத்தில் வழுக்குகிறார். இரண்டு பக்கம் தொடர்ந்து ஒளியும் காற்றும் நேரமும் வந்தால் நான் அடுத்த பத்திக்குத் தாவிவிடுவேன். பெரிய வரலாற்று நிகழ்வுகள் எல்லாமே இந்த ஒரே குடும்பத்தின் வாசலில் வந்து நிற்கின்றன என்ற புகாரும் உண்டு. அதை நான் அவ்வளவாகப் பொருட்படுத்தவில்லை. அந்த நாட்டில் அந்த ஆண்டுகளில் எந்த வாசலை அவை விட்டுவைத்தன?

ஐந்நூறு பக்கங்களுக்குச் சற்றே குறைந்த நாவலில் எழுபது பக்கத்தை வெட்டியிருக்கலாம். பிக் மதர் நைஃப் வரும் பக்கங்களில் மட்டும் கை வைக்க விடமாட்டேன்.

மிகவும் துயரமானது என்கிறார்களே, தாங்க முடியுமா?

தற்கொலைகள் உண்டு, பொது இடத்து அவமானங்கள் உண்டு, பஞ்சம் உண்டு. அண்மையில் நெருங்கிய ஒருவரை இழந்தவர்கள் சற்றுத் தள்ளிப்போடுவது நல்லது. மற்றவர்களுக்கு ஒன்று சொல்வேன்: சிரிப்பும் தாராளமாக இருக்கிறது. அக்காவும் தங்கையும் சேர்ந்துவிட்டால் சண்டை, கேலி, பாட்டு, தின்பண்டம் என்று பக்கம் களைகட்டிவிடும். துயரம் அவ்வளவு ஆழமாக இறங்குவதற்குக் காரணமே அந்தக் குடும்பத்தை நமக்கு முதலில் பிடித்துப்போவதுதான்.

தியனின் 2025 நாவலுக்கு 'பதிவுகளின் புத்தகம்' என்றே பெயர். அது இதன் இரண்டாம் பாகமா?

இல்லை. பெயரை மட்டும் இங்கிருந்து எடுத்துக்கொண்டார். அது 'கடல்' என்று அழைக்கப்படும் ஓர் இடைத்தங்கலில் அகதியாகத் தங்கும் தந்தை, மகளின் கதை. அதில் தத்துவ அறிஞர்கள் ஸ்பினோசா, ஹன்னா ஆரென்ட், டாங் காலக் கவிஞர் தூ ஃபூ ஆகியோரின் வாழ்க்கைகள் பின்னிவருகின்றன. தா-வெய்க்கும் மே நான்குக்கும் என்ன ஆயிற்று என்று தேடி அதை வாங்கினால் ஏமாந்துபோவீர்கள். இதைப் படிக்காமலும் அதைப் படிக்கலாம். ஆனால் தியனை முதல் முறையாகப் படிப்பவர் 2016-ஆம் ஆண்டு நாவலையே எடுப்பது நல்லது. புதியது இன்னும் மெதுவாக நகர்கிறது, பிக் மதர் நைஃப் மாதிரி வாயாடி ஒருத்தியும் அதில் இல்லை.